சில்லி சிக்கனா, தாய் கறியா, பிரி பிரியா: பேலியோ வீட்டில் எந்தக் கோழி எடுபடும்?

தானியம், பருப்பு, சர்க்கரை எல்லாவற்றையும் ஒதுக்கிச் சாப்பிடுகிற பேலியோ உணவுமுறையை ஆரம்பித்த முதல் வாரத்தில் யாருக்கும் சாப்பாடு அலுப்பதில்லை. நெய்யில் வறுத்த கோழி, ஆம்லெட், கீரை, பொரியல் என்று உற்சாகமாக ஓடும். மூன்றாவது வாரம்தான் நாக்கு தகராறு செய்ய ஆரம்பிக்கும். அதே மிளகு வறுவல், அதே தந்தூரி, போதும்டா சாமி என்று ஆகிவிடும். அப்போதுதான் ஆட்கள் ஃபியூஷன் பக்கம் திரும்புகிறார்கள், வெளிநாட்டுச் சமையலையும் நம்மூர் மசாலாவையும் கலந்து வீட்டிலேயே ஏதாவது செய்து பார்க்கலாமே என்று. நல்ல யோசனைதான். ஆனால் ஆசைப்பட்ட உணவை முதலில் முடிவு செய்துவிட்டு, அதில் இருக்கும் ஆகாத பொருட்களுக்கெல்லாம் அப்புறம் மாற்று தேட உட்காருகிறார்கள். காசும் போகிறது, ருசியும் போகிறது.

நான் இதைத் தலைகீழாகச் செய்யச் சொல்வேன். மாவு, சர்க்கரை, சோயா, பருப்பு நான்கையும் எடுத்துவிட்ட பிறகும் எந்த உணவு அதுவாகவே இருக்கிறதோ அதைத் தேர்ந்தெடுங்கள். அவ்வளவுதான் என் அளவுகோல். இதை வைத்துக்கொண்டு, வீடுகளில் அடிக்கடி ஆசைப்படுகிற மூன்றை எடுத்துப் பார்க்கலாம்: இந்தோ சைனீஸ் சில்லி சிக்கன், தாய்லாந்துப் பச்சைக் கறியோடு செட்டிநாட்டு மிளகு வாசம் சேர்ந்த தேங்காய்ப்பால் குழம்பு, ஆப்பிரிக்க மிளகாய் விழுது பூசி அடுப்பில் சுட்ட பிரி பிரி கோழி.

அதற்கு முன்னால் ஒரு கேள்வி, எந்தப் பேலியோ? போய்ட் ஈட்டனும் மெல்வின் கானரும் 1985இல் மருத்துவ இதழில் எழுதிய கட்டுரையிலிருந்து வளர்ந்த வழியில், லோரன் கார்டெய்ன் போன்றவர்கள் சொல்லும் கறாரான பேலியோவில் பால் பொருட்களே கிடையாது, ஆனால் சர்க்கரைவள்ளிக் கிழங்கும் பழமும் உண்டு. நியாண்டர் செல்வனும் அவருடைய முகநூல் குழுவான ஆரோக்கியம் நல்வாழ்வும் தமிழில் பரப்பிய பேலியோ வேறு மாதிரி. அது பெரும்பாலும் குறைமாவு, நிறைகொழுப்பு உணவுமுறை, அதில் நெய், வெண்ணெய், சீஸ், பனீர் எல்லாம் தாராளம், கிழங்குக்கும் பழத்துக்கும்தான் தடை. ஆக மரவள்ளி மாவு ஒருவருக்கு ஆகும் இன்னொருவருக்கு ஆகாது, வெண்ணெய் அதற்கு நேர் எதிர். வலையில் கிடைக்கிற வெளிநாட்டுக் குறிப்புகளில் தேனும் மரவள்ளி மாவும் கிலோ கணக்கில் இருப்பதைப் பார்த்து நம்மூர் பேலியோக்காரர்கள் குழம்புவது இதனால்தான். இரண்டு வழியிலும் செல்லுபடியாகிற சமையலாக இருந்தால் வீட்டில் விவாதமே தேவையில்லை. சர்க்கரைக்கு மாத்திரையோ இன்சுலினோ எடுப்பவர்கள் மட்டும் மாவுச்சத்தைச் சட்டென்று குறைப்பதற்கு முன் மருத்துவரிடம் பேசிவிடுங்கள், மருந்தளவு மாறாமல் சாப்பாடு மட்டும் மாறினால் சர்க்கரை ஒரேயடியாக இறங்கிவிடலாம்.

இன்னொன்று, நம் சமையலறையிலேயே ஒளிந்திருக்கும் தானியம். சோயா சாஸைத் தேடித் தேடி ஒதுக்குகிறவர்கள், வீட்டில் அரைத்த குழம்பு மிளகாய்த்தூளைக் கவனிப்பதில்லை. அதில் துவரம்பருப்பும் கடலைப்பருப்பும் சில வீடுகளில் ஒரு பிடி அரிசியும் சேர்த்தே அரைத்திருப்பார்கள். கூட்டுப் பெருங்காயத்தில் பாதிக்கு மேல் மைதாவோ அரிசி மாவோதான். குருமாவில் பொட்டுக்கடலை, தாளிப்பில் உளுந்து. கடையில் வாங்கும் சிக்கன் மசாலா பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படித்துவிட்டு வாங்குங்கள். தனி மிளகாய்த்தூள், தனி மல்லித்தூள் என்று வைத்துக்கொண்டால் இந்தத் தலைவலி இல்லை. இதையே இன்னும் தீவிரமாகப் பிடித்துக்கொண்டு போனால் புளியும் வெந்தயமும்கூடத் தாவரவியல்படி அவரைக் குடும்பம்தான், அட்டைப்பெட்டித் தேங்காய்ப்பாலில் கலக்கும் கோந்து கொத்தவரை விதையிலிருந்து வருவதுதான் என்று தெரியவரும். அந்த அளவுக்கு நான் போவதில்லை, நீங்களும் போகாதீர்கள்.

சரி, சில்லி சிக்கன். எல்லோரும் முதலில் கேட்பது இதைத்தான், குழந்தைகள் இருக்கும் வீட்டில் கேட்கவே வேண்டாம். ஆனால் என் அளவுகோலில் இதுதான் கடைசி. என்னென்ன எடுக்க வேண்டும் என்று பாருங்கள். கோழிக்குப் பூசும் சோள மாவு, மைதா. பொரிக்கிற ரீஃபைண்ட் எண்ணெய். சோயாவையும் கோதுமையையும் நொதிக்க வைத்துச் செய்கிற சோயா சாஸ். சர்க்கரை ஏற்றிய தக்காளி சாஸும் சிவப்பு மிளகாய் சாஸும். கடைசியில் கெட்டியாக்க மறுபடியும் சோள மாவுத் தண்ணீர். இத்தனையையும் எடுத்தால் மிச்சம் இருப்பது கோழி, குடைமிளகாய், வெங்காயம், பூண்டு, பச்சை மிளகாய். அதை வதக்கினால் வருவது குடைமிளகாய் போட்ட பெப்பர் சிக்கன். அதுவும் நன்றாகத்தான் இருக்கும், ஆனால் சில்லி சிக்கன் என்று சொல்லித் தட்டில் வைத்தால் குழந்தை முகத்தைப் பார்த்தே தெரிந்துவிடும்.

மாற்று இல்லையா என்றால் இருக்கிறது. சோயா சாஸுக்குப் பதில் கோகனட் அமினோஸ் என்று ஒன்று விற்கிறது, தென்னம்பாளையிலிருந்து இறக்கும் பதநீரை உப்போடு நொதிக்க வைத்தது. கறுப்பாக, உப்பு கொஞ்சம் குறைவாக, இனிப்பு தூக்கலாக இருக்கும். குட்டி பாட்டிலின் விலைக்கு ஒரு கிலோ கோழியை வாங்கிவிடலாம், ஒரு தடவை செய்தால் கால் பாட்டில் காலி. கெட்டியாக்குவதற்குக் கூவைக்கிழங்கு மாவு இருக்கிறது, குழந்தைகளுக்குக் கஞ்சி காய்ச்சுவோமே அதே மாவு. கறாரான பேலியோவுக்கு ஆகும், குறைமாவுக்காரர்களுக்கு ஒரு டீஸ்பூனோடு நிறுத்திக்கொள்ளலாம். இது சோள மாவு மாதிரி கொதியைத் தாங்காது, அடுப்பை அணைக்கும் நேரத்தில் கரைத்து ஊற்றி ஒரு கிளறு கிளறி இறக்கிவிட வேண்டும், இல்லையென்றால் மறுபடி நீர்த்துப்போகும்.

வீட்டு அடுப்பின் தீ வேறு பெரிய இடைஞ்சல். சைனீஸ் கடைகளில் பர்னர் சீறிக்கொண்டு எரியும், கோழி விழுந்த நொடியே மேற்புறம் பொரிந்துவிடும். நம் கேஸ் அடுப்பில் ஒரு கிலோ கோழியை வாணலியில் மொத்தமாகக் கொட்டினால் தண்ணீர் விட்டு, அந்தத் தண்ணீரிலேயே வேகும். கால் கிலோ கால் கிலோவாகப் போட்டு எடுக்க வேண்டும். கறி மிருதுவாக வர, சோள மாவு இல்லாமலே ஒரு வழி உண்டு: எலும்பில்லாத துண்டுகளில் அரை கிலோவுக்கு அரை டீஸ்பூன் சமையல் சோடாவைப் பிசறிக் கால் மணி நேரம் வைத்து, நன்றாக அலசி, துணியில் ஒற்றி எடுத்து வதக்கினால் ஹோட்டல் பதம் வரும். அலசாமல் விட்டால் சோப்பு வாடை வரும், அதை மறக்க வேண்டாம். வினிகர் வாங்கும்போது சிந்தெடிக் என்று போட்டிருந்தால் அது அசிட்டிக் அமிலத்தைத் தண்ணீரில் கலந்தது, பழ வினிகரோ தென்னை வினிகரோ வாங்குங்கள். இத்தனை கூத்தும் நடத்தி முடித்தால் கடைச் சில்லி சிக்கனில் முக்கால்வாசி ருசி கிடைக்கும். வாரநாள் சாயங்காலத்தில் முக்கால்வாசிக்கு இவ்வளவு மெனக்கெட எனக்கு மனசில்லை.

தாய் கறிக்கு வருவோம், எனக்குப் பிடித்ததும் இதுதான். இதில் எடுக்க வேண்டிய பொருளே ஒன்றுதான், பனைவெல்லம். அதையும் எடுத்துவிடலாம், தேங்காய்ப்பாலுக்கும் வதங்கிய சின்ன வெங்காயத்துக்கும் சொந்தமாகவே இனிப்பு இருக்கிறது. மாவு கிடையாது, சோயா கிடையாது, பருப்பு கிடையாது. குழம்பைக் கெட்டியாக்குவது தேங்காய்தான். நம்மூருக்கும் இந்தச் சமையலுக்கும் இருக்கும் உறவும் சும்மா ஒட்டவைத்தது இல்லை. செட்டிநாட்டு மசாலாவில் இருக்கும் அன்னாசிப்பூ நம் மண்ணில் விளைவதில்லை, சீனாவிலிருந்தும் வியட்நாமிலிருந்தும் வருவது. பர்மா, மலாயா என்று தொழில் செய்யப் போனவர்களின் சமையல் அது, கடல் தாண்டிய பொருளை ஏற்கெனவே தனதாக்கிக்கொண்டது.

தாய் பச்சைக் கறிக்குத் தேவையான பொருட்கள் சூப்பர் மார்க்கெட்டின் வெளிநாட்டு அலமாரியில்தான் கிடைக்கும் என்று நினைத்துப் பலர் விட்டுவிடுகிறார்கள். உண்மையில் பாதிக்கு மேல் தெருமுனையிலேயே இருக்கிறது. தாய்லாந்துக்காரர்கள் விழுதில் கொத்தமல்லி வேரைப் போடுகிறார்கள். நம் சந்தையில் கொத்தமல்லிக் கட்டு வேரோடுதான் வருகிறது, நாம்தான் அதை வெட்டிக் குப்பையில் போடுகிறோம். மண் போக நாலு தண்ணீரில் அலசி நறுக்கினால் போதும். அவர்கள் குழம்பில் பச்சைப் பட்டாணி மாதிரி மிதக்கிற குட்டிக் கத்தரிக்காய் வேறொன்றுமில்லை, நம் சுண்டைக்காய். பச்சைச் சுண்டைக்காயை லேசாகத் தட்டி, விதையைக் கொஞ்சம் உதிர்த்து, உப்புத் தண்ணீரில் போட்டு எடுத்தால் கசப்பு அடங்கிவிடும். அரத்தைக்கு நாட்டு மருந்துக் கடைக்குப் போங்கள், பேரரத்தை கேளுங்கள். காய்ந்ததுதான் கிடைக்கும், காரமும் மருந்து வாடையும் கூடுதல், அதனால் சுண்டுவிரல் நகமளவு போதும், மிச்சத்துக்கு இஞ்சி. எலுமிச்சைப்புல் இப்போது நர்சரிகளில் தொட்டியோடு விற்கிறது, ஒரு தொட்டி வைத்தால் ஆயுசுக்கும் போதும். காஃபிர் எலுமிச்சை இலைக்குப் பதில் நாரத்தை இலைக் கொழுந்து, வேப்பிலைக்கட்டிக்கு இடிப்போமே அதே இலை. வாசம் அச்சு அசலாக அதே அல்ல, ஆனால் உறவுக்கார வாசம். தாய் துளசிக்குத் திருநீற்றுப் பச்சிலை, சப்ஜா விதை தருகிற செடி. பூக்கடையில் கேட்டால் கிடைக்கும்.

அவர்கள் போடும் இறால் விழுதுக்கும் மீன் சாஸுக்கும் நெத்திலிக் கருவாடு. மீன் சாஸே நெத்திலி வகை மீனை உப்பில் போட்டு மாதக்கணக்கில் நொதிக்க வைத்து வடிப்பதுதான், பாட்டிலில் வருவதில் சர்க்கரை சேர்த்திருப்பார்கள் என்பதால் அட்டையைப் படிக்க வேண்டும். அதற்குப் பதில் நாலைந்து நெத்திலிக் கருவாட்டைத் தலை கிள்ளி, வெறும் சட்டியில் மொறுமொறுவென்று வறுத்துப் பொடித்து விழுதோடு சேர்த்து அரைத்துவிடுங்கள். கருவாட்டு வாடை தூக்கலாகத் தெரியாது, குழம்புக்கு ஒரு ஆழம் வரும், என்ன போட்டாய் என்று கேட்பார்கள். கருவாடு பிடிக்காத வீட்டில் சொல்லாமல் போட வேண்டாம், ஒவ்வாமை இருப்பவர்கள் உண்டு.

முக்கால் கிலோ கோழிக்கு ஒரு பெரிய தேங்காய். தொடைக்கறியாக, எலும்போடு வாங்குங்கள், நெஞ்சுக்கறி இந்தக் குழம்பில் நார்நாராகிவிடும். பிராய்லர் போதும், நாட்டுக்கோழி வேக முக்கால் மணி ஆகும், அதற்குள் பச்சை விழுதின் மணம் போய்விடும். விழுதுக்குப் பச்சை மிளகாய் ஆறேழு, சின்ன வெங்காயம் பத்து, பூண்டு ஆறு பல், கொத்தமல்லி வேரும் தண்டும் இலையுமாக ஒரு பிடி, எலுமிச்சைப்புல்லின் அடித்தண்டு ஒன்று, வறுத்த மல்லி ஒரு டீஸ்பூன், சீரகம் அரை டீஸ்பூன், மேலே சொன்ன அரத்தை, இஞ்சி, கருவாட்டுப் பொடி. மிளகை மட்டும் தாராளமாக, ஒன்றரை டீஸ்பூன், அதுதான் செட்டிநாட்டுப் பங்கு. கூடவே ஒரு அன்னாசிப்பூவும் துளி கல்பாசியும் எண்ணெயில் போட்டால் போதும், பட்டை கிராம்பெல்லாம் சேர்த்தால் எலுமிச்சைப்புல் காணாமல் போய்விடும்.

இரண்டு ஊர்ச் சமையலும் முட்டிக்கொள்ளும் இடம் தேங்காய்ப்பால். நம் வழக்கத்தில் முதல் பாலைக் கடைசியில் ஊற்றி, கொதிக்க விடாமல் இறக்குவோம், திரிந்துவிடக் கூடாது. தாய்க்காரர்கள் வேண்டுமென்றே திரிய விடுகிறார்கள்: கெட்டிப் பாலைச் சட்டியில் ஊற்றி, அது சுண்டிச் சுண்டி ஓரத்தில் எண்ணெய் பிரிந்து பளபளக்கும்போது அந்த எண்ணெயிலேயே விழுதை வதக்குகிறார்கள். இரண்டையும் செய்யுங்கள். முதல் பாலில் பாதியை இருப்புச்சட்டியில் ஊற்றி நடுத்தர தீயில் பத்து நிமிடம் போலச் சுண்ட விடுங்கள், முதலில் பால் பொங்கும், பிறகு திட்டுத் திட்டாகும், சத்தம் குறைந்து சலசலப்பு மாறி பொரிகிற ஓசை வரும்போது எண்ணெய் வந்துவிட்டது என்று அர்த்தம். எண்ணெய் போதவில்லை என்றால் ஒரு கரண்டி தேங்காய் எண்ணெய். விழுதைப் போட்டுப் பச்சை வாசனை போகும்வரை கிளறி, கோழியைப் போட்டுப் பிரட்டி, உப்பும் இரண்டாம் பாலும் ஊற்றி மூடாமல் இருபது, இருபத்தைந்து நிமிடம். சுண்டைக்காயைப் பாதியில் போடுங்கள். கோழி வெந்ததும் தீயைக் குறைத்து மீதி முதல் பால், நரம்பு நீக்கிக் கிழித்த நாரத்தை இலை, பச்சிலை, சுற்றிலும் கொதி வருவதற்கு முன்னால் இறக்கி எலுமிச்சை பிழிந்துவிடுங்கள். அட்டைப்பெட்டிப் பாலில் இந்த எண்ணெய் பிரிகிற வேலை சரியாக நடக்காது, திரியாமல் இருக்கத்தான் அதில் கோந்து போடுகிறார்கள். தேங்காய் துருவச் சோம்பலாக இருக்கிற நாளில் அதை வாங்குங்கள், ஆனால் விழுதைத் தேங்காய் எண்ணெயில் தனியாக வதக்கிக்கொள்ளுங்கள்.

இதே குடும்பத்தில் பர்மாவின் தேங்காய்ப்பால் காவ்சுவேயும் இருக்கிறதே, சென்னையில் பர்மா பஜார் பக்கம் அத்தோ சாப்பிட்டவர்களுக்கு அந்த வழி ருசி பிடிக்குமே என்று கேட்கலாம். அதில் குழம்பைக் கெட்டியாக்குவது கடலை மாவு, அடியில் இருப்பது நூடுல்ஸ். இரண்டும் போனால் வெறும் கோழிச் சூப். விட்டுவிடலாம்.

பிரி பிரிக்குப் போவோம். மொசாம்பிக், அங்கோலா பக்கத்து ஊசி மிளகாயும் போர்ச்சுகீசியர்களின் பூண்டு, எலுமிச்சை, எண்ணெயும் சேர்ந்து உருவானது. மிளகாயை அமெரிக்காவிலிருந்து ஆப்பிரிக்காவுக்கும் நமக்கும் கொண்டுவந்து சேர்த்தது அதே போர்ச்சுகீசியக் கப்பல்கள்தான், ஆகவே நம்மூர் மிளகாயைப் போட்டால் யாரும் சண்டைக்கு வரமாட்டார்கள். கன்னியாகுமரிப் பக்கம் கிடைக்கும் காந்தாரி மிளகாய் இதற்கு மிக நெருக்கம். அது கிடைக்காவிட்டால் ராமநாதபுரம் முண்டு, 2023இல் புவிசார் குறியீடு வாங்கியதே, அதை வெந்நீரில் ஊற வைத்து அரைக்கலாம், காரம் கொஞ்சம் அடக்கமாகவும் நிறம் நன்றாகவும் வரும். ஒரிகனோவுக்குக் கற்பூரவல்லி. இரண்டு இலைகளின் வாசத்துக்கும் பின்னால் இருப்பது பெரும்பாலும் கார்வக்ரால் என்ற ஒரே பொருள், அதனால் சளிக்குக் கொடுக்கிற இலையைக் கோழிக்குப் போடுவதா என்று தயங்க வேண்டாம். ஐந்தாறு இலை போதும், அதற்கு மேல் போனால் நிஜமாகவே கஷாய வாடை வரும்.

என் அளவுகோலில் இதுதான் முதலிடம், எடுக்க வேண்டியது எதுவுமே இல்லை. மாவு இல்லை, சர்க்கரை இல்லை, பால் இல்லை, கறார் பேலியோவும் தமிழ்ப் பேலியோவும் ஒரே தட்டில் சாப்பிடலாம். சோறோ ரொட்டியோ இல்லையே என்ற குறையும் தெரியாது, சுட்ட கோழிக்குப் பக்கத்தில் வெள்ளரியும் வெங்காயமும் இருந்தால் அது முழுச் சாப்பாடு.

சிக்கல் கறிக்கடையில் தொடங்கும். நம்மூரில் கோழி என்றால் குழம்புத் துண்டுதான். நீங்கள் வாய் திறப்பதற்குள் கத்தி நாலு வெட்டு போட்டிருக்கும். எடை போடும்போதே சொல்லிவிடுங்கள்: “அண்ணே, தோல் உரிக்க வேண்டாம், துண்டு போட வேண்டாம், முதுகெலும்பை மட்டும் ரெண்டு பக்கமும் வெட்டி எடுத்துட்டு விரிச்சுக் குடுங்க.” ஒரு மாதிரி பார்ப்பார், செய்து கொடுப்பார். அந்த முதுகெலும்பையும் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள், சூப்புக்கு ஆகும். தோல் இல்லாமல் இதைச் செய்யாதீர்கள், மொறுமொறுப்பும் கொழுப்பும் அங்கேதான் இருக்கிறது. தோலோடு எடுத்தால் கிலோவுக்கு விலையும் குறைவு.

ஒரு கிலோவுக்குக் கொஞ்சம் கூடுதலான கோழி என்றால் பதினைந்து கிராம் உப்பு, முதல் நாள் இரவே எல்லாப் பக்கமும் தடவி, மூடாமல் ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்துவிடுங்கள். காலையில் தோல் காய்ந்து காகிதம் மாதிரி இழுத்துக்கொண்டிருக்கும், அப்படித்தான் இருக்க வேண்டும். காந்தாரி எட்டுப் பத்து, பூண்டு எட்டுப் பல், கற்பூரவல்லி, மிளகு, ஒரு எலுமிச்சையின் சாறு, மூன்று மேசைக்கரண்டி தேங்காய் எண்ணெயோ உருக்கிய நெய்யோ சேர்த்து அரைத்து, சுடுவதற்கு இரண்டு மூன்று மணி நேரம் முன்னால் தோலுக்கு அடியிலும் கீறிய தொடையிலும் பாதியைப் பூசுங்கள். எலுமிச்சையோடு ராத்திரி முழுக்க ஊறவைக்கிற பழக்கம் வேண்டாம், கறி மேலே கொழகொழவென்று ஆகிவிடும். மீதி விழுதைத் தனியாக வைத்திருந்து, கடைசிப் பத்து நிமிடத்தில் மேலே தடவுங்கள். ஆரம்பத்திலேயே முழுக்கப் பூசினால் பூண்டு கருகிக் கசக்கும். ஓ.டி.ஜி. அடுப்பில் 210, 220 டிகிரியில் முக்கால் மணி நேரம் சொச்சம், தொடையின் தடித்த இடத்தில் வெப்பமானி வைத்தால் 74 டிகிரி செல்சியஸைத் தாண்டியிருக்க வேண்டும். வெப்பமானி இல்லையென்றால் தொடை மூட்டில் குத்திப் பாருங்கள், வடிகிற சாற்றில் சிவப்பு இருக்கக் கூடாது. வெளியே எடுத்துப் பத்து நிமிடம் தொடாமல் வைத்துவிட்டுப் பிறகு வெட்டுங்கள். ஏர் ஃப்ரையரில் முழுக்கோழி பெரும்பாலும் நுழையாது, தொடையோடு சேர்ந்த காலாக இரண்டு மூன்று வைத்துக்கொள்ளலாம். ஓவனே இல்லாத வீடா, இட்லிப் பாத்திரத்தில் கால்களை ஆவியில் கால் மணி நேரம் வைத்து, துடைத்துக் காயவிட்டு, இரும்பு தோசைக்கல்லில் நெய் விட்டுத் தோல் பக்கம் கீழே இருக்கும்படி கனமான ஒரு சட்டியை மேலே வைத்து அமுக்கிச் சுடுங்கள். ஓவனில் வருவதற்குக் கொஞ்சம்தான் குறைவு.

அப்படியானால் பிரி பிரிதானே முடிவு என்று கேட்டால், வீட்டில் எத்தனை பேர், அதில் எத்தனை பேர் பேலியோ என்று நான் திருப்பிக் கேட்பேன். தனியாக இருக்கிறீர்கள், அல்லது கணவன் மனைவி இருவருமே பேலியோ என்றால் யோசிக்கவே வேண்டாம், பிரி பிரி. விருந்தாளி வருகிற ஞாயிற்றுக்கிழமைக்கும் அதுதான், வேலையெல்லாம் முதல் நாளே முடிந்துவிடும். ஆனால் பெரும்பாலான வீடுகளில் நிலைமை அப்படி இல்லை. ஒருவர் பேலியோ, மாமியாருக்குச் சோறு வேண்டும், பிள்ளைக்கு இடியாப்பமோ சப்பாத்தியோ வேண்டும். ஒரு கோழியை ஆறு பேருக்குச் சுட்டு வைத்தால் சோற்றுக்குக் குழம்பு எங்கே என்ற கேள்வி வரும், அப்புறம் தனியாக ஒரு ரசம், ஒரு குழம்பு. அந்த மாதிரி வீட்டுக்குத் தாய் கறிதான். ஒரே சட்டி, பேலியோக்காரர் கிண்ணத்தில் ஊற்றிச் சாப்பிடுவார், மற்றவர்கள் சோற்றில் ஊற்றிக்கொள்வார்கள், இடியாப்பத்துக்கு இதைவிடப் பொருத்தம் கிடையாது. பேலியோ சமையல் தொடர்ந்து நடப்பதும் பாதியில் நிற்பதும் பெரும்பாலும் சமைக்கிறவருக்கு இரண்டு வேலையா ஒரு வேலையா என்பதைப் பொறுத்தது. காரம் ஆகாத பிள்ளைகள் இருந்தால் விழுதில் மிளகாயைப் பாதியாக்கி, பெரியவர்களுக்குக் காந்தாரியைக் கீறித் தனியாக வையுங்கள்.

கிண்ணத்தில் வெறும் குழம்பாகக் குடிக்க அலுத்தால் காலிஃபிளவர் சோறு. பூவைப் பிரித்து மஞ்சள், உப்புப் போட்ட வெந்நீரில் புழு போக ஐந்து நிமிடம் வைத்து எடுத்து, நன்றாகத் துடைத்துக் காயவிட்டுத் துருவுங்கள். மிக்சியில் போட்டால் ஒரு சுற்றுக்கு மேல் வேண்டாம், கூழாகிவிடும். துருவலைத் துணியில் கட்டிப் பிழிந்து, அகலமான சட்டியில் நெய் விட்டு மூடாமல் ஐந்து நிமிடம் வதக்கினால் உதிரியாக வரும். மூடினால் வெந்த கோஸ் வாடை கிளம்பும். பலர் காலிஃபிளவர் சோற்றை வெறுப்பதற்குக் காரணம் அந்த மூடிதான்.

முந்திரி அரைத்து ஊற்றுகிற பட்டர் சிக்கன் வகைகளை ஏன் பட்டியலில் சேர்க்கவில்லை என்று சிலர் கேட்பார்கள். கறார் பேலியோவுக்கு வெண்ணெயும் க்ரீமும் ஆகாது, குறைமாவுக்காரர்களுக்கு முந்திரி ஆகாது, நூறு கிராமில் சுமார் முப்பது கிராம் மாவுச்சத்து. பாதாமில் அது இருபது சொச்சம், அதிலும் பாதிக்கு மேல் நார்ச்சத்து, அதனால் பாதாமை ஊற வைத்துத் தோல் நீக்கி அரைத்தால் நம்மூர்ப் பேலியோவில் சமாளிக்கலாம். ஆனால் அது ஃபியூஷனும் இல்லை, புதுசும் இல்லை.

மறுநாள் கணக்கையும் பார்த்துவிடுங்கள். தாய் கறி ஃபிரிட்ஜில் வைத்து மறுநாள் மதியம் இன்னும் நன்றாக இருக்கும், மிளகு உள்ளே இறங்கியிருக்கும். மிதமான தீயில் சுடவையுங்கள், கொதிக்க விடாதீர்கள், புது எலுமிச்சை பிழிந்துகொள்ளுங்கள். பிரி பிரி மறுநாள் அவ்வளவு சொல்லிக்கொள்கிற மாதிரி இருக்காது, தோல் துவண்டுவிடும். கறியைப் பிய்த்து முட்டையோடு பொடிமாஸ் மாதிரி கிளறிவிட்டு, எலும்புகளையும் எடுத்துவைத்த முதுகெலும்பையும் குக்கரில் இஞ்சி, மிளகு, இரண்டு கற்பூரவல்லி இலையோடு போட்டு, முதல் விசிலுக்குப் பிறகு தீயைக் குறைத்து அரை மணி நேரம் விடுங்கள், சாயங்காலத்துக்குச் சூப் ஆயிற்று.